பொலிசையும் தவணையும்: வீட்டடமானத்தின் நெடுங்கால விலை குறித்த ஒரு வரலாற்று நோக்கு

வீட்டை ஈடாக வைத்துப் பெறும் கடனுக்கு உண்மையில் எவ்வளவு செலவாகிறது என்னும் வினா பொருளியலாருக்கும் வங்கியாளருக்கும் உரியது எனக் கருதித் தமிழாய்வு உலகம் பெரும்பாலும் ஒதுங்கியே இருந்துவந்துள்ளது. கடன் குறித்த சொற்களோ கல்வெட்டிலும் ஓலை ஆவணத்திலும் பேச்சுவழக்கிலும் ஓராயிரம் ஆண்டுகளுக்கு மேலாகத் தொடர்ந்து பயின்று வருகின்றன. முதல், பொலிசை, ஒற்றி, போக்கியம், தவணை என வரும் இச்சொற்களின் பொருள்மாற்றத்தைக் கூர்ந்து நோக்கின், கடனின் விலை எக்காலத்தில் எவ்விடத்தில் எழுதப்பட்டது, எப்போது கண்ணுக்கு மறைந்தது என்பது ஓரளவு புலனாகும். இதனை இந்தியச் சட்ட வரலாற்றோடு இணைத்துக் காண இக்கட்டுரை முற்படுகிறது.

இம்முயற்சிக்குத் தூண்டுகோலாக அமைந்தது ஒரு தற்செயலான நிகழ்ச்சியாகும். தமிழகத்திற்கு வெளியே பணிபுரியும் இக்கட்டுரையாளர் 2016ஆம் ஆண்டில் ஓர் அடுக்ககக் குடியிருப்பு வாங்கும்பொருட்டுக் கடன் ஒப்பந்தம் ஒன்றில் கையொப்பமிட நேர்ந்தது. ஆங்கிலத்தில் அமைந்த அவ்வாவணத்தில் மாதத் தொகை இருந்தது, வட்டி விழுக்காடு இருந்தது, ஆண்டுக்கணக்கும் இருந்தது. கடன் தீரும் நாள்வரை செலுத்தவேண்டிய வட்டி மொத்தம் எவ்வளவு என்னும் ஓர் எண் மட்டும் அதில் எப்பக்கத்திலும் காணப்படவில்லை. காலையில் வகுப்பறையில் சோழர் கல்வெட்டுப் பாடம் நடத்திவிட்டு மாலையில் அந்த ஆவணத்தைப் புரட்டியவருக்கு இவ்வின்மை சற்று வியப்பளித்தது என்றே கூறவேண்டும்.

கல்லில் எழுதிய வட்டி

தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகளில் முதலாம் இராசராசன் காலத்துக் கொடைப்பணம் ஊர்ச்சபைகளிடம் வட்டிக்கு விடப்பெற்ற செய்தி மீண்டும் மீண்டும் வருகிறது. திருமஞ்சன நீருக்கு ஏலமும் சண்பகமொட்டும் இலாமச்சமும் இடுதல் போன்ற சிறு செலவுகளுக்குக்கூட இத்தகைய வைப்புகள் இருந்தன. காசு ஒன்றுக்கு ஆண்டுதோறும் அரைக்கால் காசு பொலிசை என்பது அங்குப் பரவலாகக் காணப்படும் வீதமாகும். இன்றைய கணக்கில் இது நூற்றுக்கு 12.5. இவ்வாவணங்களின் அமைப்பே இங்கு முதன்மையாகக் கருதத்தக்கது. பெற்றுக்கொண்ட காசு இவ்வளவு, அதற்கு ஆண்டுப் பொலிசை இவ்வளவு, அப்பொலிசையால் நடைபெறவேண்டிய அறம் இன்னது என மூன்றும் தனித்தனியே பொறிக்கப்படும். முதலும் பொலிசையும் ஒன்றோடொன்று கலப்பதில்லை.

பொலிசை என்னும் சொல் பொலிதல் என்னும் வினையின் அடியாகப் பிறந்தது. களத்தில் தூற்றிக் குவித்த நெல்லும் பொலி எனப்படும். முதலானது விதை போலவும் வட்டியானது விளைச்சல் போலவும் எண்ணப்பட்ட உழவர் மரபின் சொல் இது. ('வட்டி' என்பது சங்க இலக்கியத்தில் கூடையைக் குறிப்பது, அதில் மீனும் நெல்லும் இருந்தனவேயன்றிக் கடன் இல்லை.) கோயில் விளக்குக்கு விடப்பட்ட ஆடுகளைச் 'சாவா மூவாப் பேராடு' எனக் கல்வெட்டுகள் வழங்குவதும் இதனோடு ஒத்த சிந்தனையே. நந்தாவிளக்கு ஒன்றிற்குத் தொண்ணூற்றாறு ஆடு என்பது சோழர் காலத்தில் மிகுதியும் காணப்படும் எண்ணிக்கை. அதற்கு நாள்தோறும் உழக்கு நெய் அளக்கவேண்டும். ஆடுகள் சாகும், குட்டிகள் வளரும். எண்ணிக்கை மட்டும் சாவதில்லை. வட்டி குட்டி போடும் என்று இன்றும் பேச்சில் கேட்பது இவ்வகையில் பழமையான உருவகமே எனலாம்.

இதனைப் பொற்காலச் சித்திரமாகக் கொள்வது பொருந்தாது. 12.5 விழுக்காட்டில் எட்டு ஆண்டுகளில் பொலிசை முதலுக்கு இணையாகிவிடும். சந்திராதித்தவல், அதாவது ஞாயிறும் திங்களும் உள்ளவரை, பொலிசை அளப்பதாக ஏற்ற ஒரு சபை எண்பது ஆண்டுகளில் முதலைப் போல் பத்து மடங்கு அளந்திருக்கும். முதலோ அப்படியே நிற்கும். ஆயினும் ஊரார் தாம் ஏற்ற சுமையின் அளவை அறிந்தே ஏற்றனர். அது கோயிற் சுவரில் அவர்கள் பேசிய மொழியிலேயே எழுதப்பட்டிருந்தது.

ஒற்றியும் போக்கியமும்

வீட்டையும் நிலத்தையும் ஈடு வைத்தல் ஒற்றி எனப்பட்டது. வடமொழி அறநூல்கள் ஈட்டை இருவகையாகப் பகுக்கும். ஒன்று காப்பதற்குரியது, மற்றொன்று துய்ப்பதற்குரியது. பின்னதாகிய 'போக்கிய' என்பதே தமிழில் போக்கியம் என வழங்கிவருகிறது. துய்க்கும் ஈட்டுக்குத் தனியே வட்டி இல்லை என்பது மனு நூலின் விதி. ஈட்டுப்பொருளின் பயனே வட்டிக்கு நேராகிவிடுகிறது.

இங்குக் கடனின் விலை எங்கே இருக்கிறது என்று வினவின், விடை வீட்டிலேயே இருக்கிறது. பத்து இலட்சம் பெற்றுக்கொண்டு மூன்றாண்டுக்கு வீட்டைப் போக்கியத்திற்கு விட்டவர் இழப்பது மூன்றாண்டு வாடகையை. திருப்பிக் கொடுக்கவேண்டியது அதே பத்து இலட்சம். எழுதப்படிக்கத் தெரியாதவரும் இக்கணக்கைப் போட்டுவிடலாம். சென்னையிலும் பெங்களூரிலும் பெருந்தொகை கொடுத்து வாடகையின்றிக் குடியிருக்கும் வழக்கம் இன்றளவும் இருப்பதற்கு இத்தெளிவும் ஒரு காரணமாகலாம். பெங்களூரில் கன்னடத்தாரும் இதனைப் 'போக்யா' என்றே கூறுவர். மலபாரில் ஒற்றி என்பது இன்னும் ஒருபடி சென்று, நிலத்தின் விலைக்கு நெருக்கமான தொகையைப் பெற்று, உடையவரிடம் மீட்கும் உரிமையை மட்டும் எஞ்சவிடும் முறையாக வளர்ந்தது.

மீட்கும் உரிமை பற்றி யாக்ஞவல்கியர் நூல் கூறும் நுட்பம் ஒன்று ஈண்டு நோக்கத்தக்கது. கடன் இருமடங்கானபின்பும் மீட்கப்படாவிடில் ஈடு கைவிட்டுப் போகும். ஆனால் பயன் துய்க்கும் ஈடு அவ்வாறு போவதில்லை என்கிறது அந்நூல். நகைக்கடன் வட்டியில் 'மூழ்கிவிட்டது' என நம் ஊர்களில் கூறுவது முன்னதற்குச் சரியான எடுத்துக்காட்டு. பின்னது ஏறத்தாழ அதே வடிவில் நம் காலத்து நீதிமன்றத்தில் மீண்டும் எழுந்தது. 1908ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டம் அடமானத்தை மீட்க 60 ஆண்டு அளித்தது. 1963ஆம் ஆண்டுச் சட்டம் அதனை 30 ஆகக் குறைத்தது. போக்கிய அடமானத்தில் முப்பது ஆண்டு கடந்தது ஒன்றே மீட்கும் உரிமையை அழித்துவிடாது, கடன்தொகை செலுத்தப்பட்ட அல்லது பயனால் ஈடுகட்டப்பட்ட நாள்முதலே காலம் தொடங்கும் என உச்ச நீதிமன்றம் 2014இல் தீர்ப்பளித்தது. அறநூல் விதியை மேற்கோள் காட்டாமலேயே சொத்துமாற்றச் சட்டத்தின் 62ஆம் பிரிவின்வழி நீதிமன்றம் இம்முடிவை வந்தடைந்தது.

1882ஆம் ஆண்டுச் சொத்துமாற்றச் சட்டம் போக்கிய அடமானத்தை ஏற்றுக்கொண்டதோடு வேறு பல வகைகளையும் வகுத்தது. அவற்றுள் பிற்காலத்தில் எல்லாவற்றையும் விழுங்கியது உரிமை ஆவணங்களை ஒப்படைத்துப் பெறும் அடமானமாகும். தொடக்கத்தில் கல்கத்தா, சென்னை, பம்பாய் முதலிய சில நகரங்களுக்கே இது அனுமதிக்கப்பட்டது. வணிகர்கள் விரைவாகப் பணம் புரட்டுவதற்கென ஏற்பட்ட இச்சலுகை பின்னர் மாநில அரசுகள் அறிவித்த ஊர்களுக்கெல்லாம் விரிந்து, இன்று நடுத்தரக் குடும்பங்களின் வீட்டுக்கடனுக்குரிய பொதுமுறையாகிவிட்டது. இதில் வீடு கடன் பெற்றவரிடம் இருக்கும். பத்திரம் வங்கியிடம் இருக்கும். ஒற்றியை இது தலைகீழாக்கியது. முன்பு வீட்டின் பயனைக் கடன் கொடுத்தவர் துய்த்தார், வட்டி இல்லை. இப்போது வாங்கியவர் துய்க்கிறார், வட்டி கட்டுகிறார். எனவே இன்றைய வட்டித்தொகை முழுவதையும் இழப்பெனக் கொள்வது பிழையாகும். அவ்வீட்டிற்குக் கொடுத்திருக்கவேண்டிய வாடகையை அதனோடு வைத்தே கணக்கிடவேண்டும். இவ்வொப்பீடு ஒற்றியில் இயல்பாகவே அமைந்திருந்தது. தவணைக் கடனில் அதனை நாமே தேடிச் செய்யவேண்டியிருக்கிறது.

இருமடங்கு எல்லை

வட்டி முதலை விஞ்சலாகாது என்னும் விதி 'தாம்துபட்' என்னும் பெயரால் சட்ட வரலாற்றில் அறியப்படும். இதனைச் சுட்டி, இன்றைய வீட்டுக்கடன் இவ்வெல்லையை மீறுவதாகச் சிலர் வாதிடுவதுண்டு. இவ்வாதம் மூலநூலின் சொல்லாட்சியைக் கவனியாததால் எழுவது. ஒரேமுறையில் பெறப்படும் வட்டி இருமடங்கைக் கடத்தலாகாது என்பதே மனுவின் விதி. ஆண்டுதோறும் பெற்றுக்கொண்ட வட்டியின் கூட்டுத்தொகைக்கு அது எல்லை வகுக்கவில்லை. நிலுவையாகத் திரண்டு நிற்கும் வட்டிக்கே எல்லை வகுத்தது. அதே நூல் ஈடுள்ள கடனுக்கு மாதம் எண்பதில் ஒருபங்கு, அதாவது ஆண்டுக்கு 15 விழுக்காடு, என விதித்திருப்பதும் மறக்கத்தக்கதன்று. சுமை குறைவாக இருக்கவேண்டும் என்பதைவிட, சுமை அறியாமல் வளரலாகாது என்பதே இவ்விதியின் உட்கிடக்கை என இக்கட்டுரையாளர் கருதுகிறார்.

ஆங்கிலேயர் 1855இல் வட்டி உச்சவரம்புச் சட்டங்களை நீக்கினர். பம்பாய் மாகாணத்திலும் கல்கத்தா நகரிலும் தாம்துபட் விதி இந்துக்களிடையே வழக்கில் நின்றது. சென்னை மாகாணத்தில் அது நிலைபெறவில்லை. வரம்பு நீங்கியதன் விளைவு தக்காணத்தில் வெடித்தது. 1875ஆம் ஆண்டு மே மாதம் பூனா மாவட்டத்துச் சூபா என்னும் ஊரில் தொடங்கிய கலகத்தில் உழவர்கள் வட்டிக்காரர்களின் வீடுகளைச் சூழ்ந்தனர். அவர்கள் பெரிதும் நாடியது கடன்பத்திரங்களை, கைப்பற்றியவற்றை எரித்தனர். பழைய கடன் தீராமலே வட்டியோடு சேர்த்துப் புதிய பத்திரமாக எழுதப்படும். அதில் முதல் எனக் குறிக்கப்படுவது உண்மையில் பழைய வட்டியாக இருக்கும். முதலும் வட்டியும் கலந்த ஏடு என்பதாலேயே அது எரிக்கப்பட்டது எனலாம். 1879ஆம் ஆண்டுத் தக்காண உழவர் நிவாரணச் சட்டம் இதற்கு அளித்த தீர்வு குறிப்பிடத்தக்கது. பத்திரத்தில் எழுதியுள்ளதைக் கடந்து, கொடுக்கல் வாங்கல் தொடங்கிய நாளுக்கே சென்று, முதல் வேறு வட்டி வேறாகக் கணக்கெடுக்கும் அதிகாரத்தை நீதிமன்றங்களுக்கு அது வழங்கியது. பதிப்பாசிரியர் ஒருவர் இடைச்செருகலை நீக்கி மூலபாடம் காணும் பணியோடு இதனை ஒப்பிடத் தோன்றுகிறது.

சமத்தவணை என்னும் திரை

தவணை என்னும் சொல்லுக்கு முற்காலத்தில் குறித்த கெடு என்பதே முதன்மைப் பொருள். நகரத்தார் வணிகத்தில் வழங்கிய 'தவணை வட்டி' என்பது குறித்த காலத்துக்கு வைத்த பணத்தின் வட்டியாகும். கெடுவைக் குறித்த சொல், கெடுவில் கட்டும் தொகையைக் குறிப்பதாக மாறியதும் வீட்டுக்கடனின் வரலாறும் இணைந்து செல்கின்றன. 1977இல் எச்.டி.எஃப்.சி. நிறுவனமும் 1988இல் தேசிய வீட்டுவசதி வங்கியும் தோன்றியபின் மாதச் சமத்தவணை முறை இந்தியா முழுவதும் பரவியது.

இம்முறையின் இயல்பை ஓர் எடுத்துக்காட்டால் விளக்கலாம். 30 இலட்சம் ரூபாய், 9 விழுக்காடு, 20 ஆண்டு எனக் கொள்வோம். மாதத் தவணை ஏறத்தாழ 26,992 ரூபாய். முதல் மாதத்தில் இதில் 22,500 வட்டி. முதலில் கழிவது 4,492 மட்டுமே. ஐந்தாண்டு தவறாமல் கட்டியவர் 16 இலட்சத்து 19 ஆயிரம் செலுத்தியிருப்பார்; கடன் குறைந்திருப்பதோ 3 இலட்சத்து 39 ஆயிரம். கடன் பாதியாவதற்கு 14 ஆண்டுகள் செல்லும். முடிவில் கட்டிய மொத்தம் 64 இலட்சத்து 78 ஆயிரம். அதில் வட்டி 34 இலட்சத்து 78 ஆயிரம். இதே கடனை 15 ஆண்டில் தீர்ப்பதாயின் மாதம் 3,436 ரூபாய் கூடுதலாகக் கட்டவேண்டும்; வட்டியில் 10 இலட்சம் குறைந்துவிடும். இருபது ஆண்டுக்குப்பின் கட்டும் ரூபாயின் மதிப்பு இன்றைய ரூபாயைவிடக் குறைவு என்பது உண்மையே. ஆனால் இரண்டு கால அளவுகளையும் அருகருகே வைத்துப் பார்த்துத் தேர்ந்தெடுக்கும் வாய்ப்பு எத்தனை பேருக்குக் கிட்டுகிறது என்பதே வினா.

ஒரே விழுக்காடு இருவேறு விலையைத் தருவதும் உண்டு. ஓராண்டில் கட்டப்படும் பன்னிரு தவணைகளின் முதற்பகுதியை ஆண்டிறுதியில் மட்டும் கடனிலிருந்து கழிக்கும் முறை முன்பு நிறுவனங்கள் சிலவற்றில் இருந்தது. மேற்கண்ட கடனுக்கே இம்முறையில் தவணை 27,387 ஆகும். 'ஒன்பது விழுக்காடு' என்ற சொல் இரண்டு ஆவணங்களிலும் ஒன்றே. இருபது ஆண்டில் வேறுபாடு ஏறத்தாழ 95 ஆயிரம். பாடவேறுபாடு சொல்லில் இல்லாமல் பொருளில் மட்டும் இருக்கும் விந்தை இது.

இத்திரைக்கு உள்ளேயும் முதலும் பொலிசையும் இருக்கவே செய்கின்றன. ஆனால் மாதந்தோறும் மாறும் விகிதத்தில், மாறாத ஒரே எண்ணுக்குள் அவை ஒடுங்கிவிடுகின்றன. கல்லில் பிரிந்து நின்றவை, தக்காணத்துப் பத்திரங்களில் சூதாகக் கலந்தவை, இங்குச் சட்டப்படியும் கணிதப்படியும் பிழையின்றிக் கலந்துவிட்டன.

நடப்பு வட்டி

அசையும் வட்டி புதியதன்று. நகரத்தார் இரங்கூனில் தம் கோயிலில் மாதந்தோறும் கூடி 'நடப்பு வட்டி'யை அறுதியிட்டனர். பலவகைக் கணக்குகளும் அதனை ஒட்டியே ஏறி இறங்கின. கூடியவர்கள் கொடுப்போரும் வாங்குவோருமாக ஒரே குழுவினர் என்பதால் அவ்வீதத்தின் காரணம் யாவருக்கும் தெரிந்திருந்தது. இன்றைய வீட்டுக்கடனில் அவ்வாறில்லை. 2003, 2010, 2016 எனத் திரும்பத் திரும்ப வட்டி நிர்ணய முறையை ரிசர்வ் வங்கி மாற்றவேண்டி வந்தது. வங்கிகள் தம் உட்கணக்குகளைத் தம் விருப்பம்போல் அமைத்துக்கொண்டதை 2017இல் அதன் ஆய்வுக்குழு ஒன்றே சுட்டிக்காட்டியது. 2019 அக்டோபர் முதல் வங்கிகளின் புதிய வீட்டுக்கடன்கள் ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு பிணைக்கப்பட்டன.

பிணைப்பின் மறுபக்கம் 2022 மே முதல் தெரிந்தது. ரெப்போ வீதம் 4 விழுக்காட்டிலிருந்து 2023 பிப்ரவரிக்குள் 6.5 ஆக உயர்ந்தது. 7 விழுக்காட்டில் 30 இலட்சம் பெற்றவரின் இருபதாண்டுத் தவணை 23,259. வீதம் 9.5 ஆனபோது முழுத்தொகைக்கு மாத வட்டி மட்டுமே 23,750. அண்மையில் கடன் பெற்று, தவணையை உயர்த்தாது விட்டவர் கட்டியது அனைத்தும் வட்டிக்கே போயிற்று. சிலருக்கு அதுவும் போதவில்லை. ஒற்றியில் முதல் குறையாமல் நின்றது. இங்கோ தவறாது கட்டிவந்தவரின் முதல் வளரும் நிலை ஏற்பட்டது. அவ்வாறு வளரவிடலாகாது எனவும், தவணையை உயர்த்துவதா காலத்தை நீட்டுவதா என்பதைக் கடன் பெற்றவரைக் கேட்டே முடிவுசெய்ய வேண்டும் எனவும் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஆணையிட்டது. மூன்று திங்களுக்கு ஒருமுறை அதுவரை கழிந்த முதல் எவ்வளவு, பெறப்பட்ட வட்டி எவ்வளவு எனத் தனித்தனியே தெரிவிக்கவேண்டும் என்பதும் அவ்வாணையில் உண்டு.

மீட்சி உரிமையும் இக்காலத்தில் இருதிசையில் நகர்ந்தது. அசையும் வட்டிக் கடனை முன்கூட்டியே தீர்ப்பவருக்கு வங்கிகள் விதித்த தண்டத்தொகை 2012இல் நீக்கப்பட்டது. மறுபுறம், நீதிமன்றம் செல்லாமலே வங்கி ஈட்டைக் கைப்பற்ற 2002ஆம் ஆண்டுச் சட்டம் வழிவகுத்தது. 2016ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி ஏல அறிவிப்பு வெளியாகும் நாளுக்கு முன்னரே கடனைத் தீர்த்து மீட்கவேண்டும். துய்க்கும் ஈடு என்றும் கைவிட்டுப் போகாது என்னும் பழைய நிலையோடு இதனை வைத்துப் பார்த்தால் தொலைவு விளங்கும்.

2024 அக்டோபர் முதல் நாளிலிருந்து வழங்கப்பெறும் தனிநபர் கடன்களுக்கு முதன்மைத் தகவல் அறிக்கை ஒன்று தரப்படவேண்டும் என்பது நடைமுறையாகியுள்ளது. பிற கட்டணங்களையும் உள்ளடக்கிய ஆண்டு விழுக்காடு, கடன்காலம் முழுவதற்குமான மொத்த வட்டி, தவணைதோறும் முதல் இவ்வளவு வட்டி இவ்வளவு எனக் காட்டும் அட்டவணை ஆகியவை அதில் இடம்பெறும். கடன் பெறுவோர் அறிந்த மொழியில் அது அமையவேண்டும் என்பதும் விதியாகும். 2016இல் இக்கட்டுரையாளர் தேடிக் காணாத எண் இப்போது எழுதப்படுகிறது.

எனினும், தில்லியிலும் மும்பையிலும் கொல்கத்தாவிலும் வாழும் தமிழர் ஒருவர் இவ்வறிக்கையைத் தமிழில் கேட்பாராயின் அதனை எச்சொற்களால் பெயர்ப்பது என்பது இன்னும் தெளிவாகவில்லை. இக்கட்டுரையாளர் பார்க்க நேர்ந்த தமிழ்ப்படிவம் ஒன்றில் முதல், கடன், தொகை, நிலுவைத்தொகை என நான்கு சொற்களும் ஒரே பொருளில் மாறிமாறி வந்தன. வட்டி விழுக்காட்டுக்கும் வட்டித் தொகைக்கும் 'வட்டி' என்னும் ஒரே சொல் நின்றது. வீதத்திற்கு வட்டி என்றும், ரூபாயாகச் செலுத்தும் தொகைக்குப் பொலிசை என்றும் பகுத்து வழங்கின் இக்குழப்பம் நீங்கும். அட்டவணையின் நெடுவரிசைகளுக்குத் தவணை, முதல், பொலிசை, நின்ற முதல் எனத் தலைப்பிட்டு, மேற்காட்டிய 30 இலட்சக் கடனின் 240 வரிகளையும் முதுகலை மாணவர்களைக்கொண்டு எழுதுவித்தபோது, தஞ்சைக் கல்வெட்டை வாசித்துப் பழகிய அவர்கள் எவரும் விளக்கம் கேட்கவில்லை. நூற்று நாற்பத்தொன்பதாம் வரியில்தான் முதல் பொலிசையை முந்துகிறது என்பதை முதலில் கண்டறிந்தவர் ஒரு மாணவி.